தண்ணீர்ப் பள்ளத்தைத் தாண்ட வைத்த தாய்

மாதாவின் பிள்ளைகளே, என் காறை எலும்பு முறிந்த நாளிலிருந்து சொல்கிறேன். எனக்கு ஊர் நீடாமங்கலம் பக்கம். மெட்ராஸில் குதிரைப் போலீஸில் இருந்தேன். தடை தாண்டும் ஓட்டத்துக்குப் பழகும்போது, தண்ணீர்ப் பள்ளத்தின் விளிம்பில் என் குதிரை ராணி சட்டென்று நின்றுவிட்டாள். நான் மட்டும் அந்தக் கரையில் போய் விழுந்தேன்.

எலும்பு கூடிவிட்டது. பயம் போகவில்லை. வேலி, மரக்கட்டை எல்லாம் ராணி தாண்டுவாள். பள்ளம் வந்தால் நின்றுவிடுவாள். வரப்போகிற தேர்விலும் அப்படி நின்றால் என்னைக் குதிரைப் பிரிவிலிருந்து எடுத்துவிடுவார்கள்.

அதைவிடப் பெரிய பாரம் ஒன்று இருந்தது. எங்கள் பக்கம் கூலி நெல்லுக்காகப் போராட்டம் நடந்த காலம் அது. வயலில் வேலை செய்த அப்பா, செங்கொடி பிடித்து ஜெயிலுக்குப் போனவர். காக்கியைக் கண்டாலே அவருக்கு ஆகாது. நான் அதைப் போட்டதும் பேச்சை நிறுத்திவிட்டார். மூன்று வருஷம்! அடிபட்டதை வீட்டுக்கு எழுதினேன். அதற்கும் அவரிடமிருந்து ஒரு வார்த்தை இல்லை.

ஒரு நாள் ராத்திரி லாயத்தில் முழங்கால் போட்டு மாதாவிடம் அழுதேன். "அம்மா, இந்தப் பயத்தை எடுத்துரு. எங்கப்பாவைப் பேச வை." வேறொன்றும் கேட்கத் தெரியவில்லை.

மறுநாள் காலை, குதிரைகளைப் பராமரிக்கும் கபூர் பாய் சொன்னார்: "ராணி பயப்படலை தம்பி. உங்க கைதான் பயப்படுது. தாண்டுற நேரத்துல கடிவாளத்தை இழுத்துடுறீங்க."

இத்தனை நாள் பக்கத்திலேயே இருந்தவர், அன்றைக்குத்தான் சொன்னார். மாதாதான் சொல்ல வைத்தாள். அவர் நீளக் கயிற்றைப் பிடித்து ராணியை வட்டமாக ஓடவிட, நான் அவள் முதுகில் கையைக் கட்டிக்கொண்டு தாழ்வான கட்டைகளைத் தாண்டிப் பழகினேன். முட்டியில் பிடிமானம். எழும்பும்போது உடம்பு முன்னால் சாயணும். கண் பள்ளத்துக்குப் போகாமல் தூரத்து மரத்தில் நிற்கணும். ஒரு மாதம் இப்படி. தினமும் ஒரு ஜெபமாலை.

தேர்வு நாள் வந்தது. பள்ளம் நெருங்கியதும் "அம்மா!" என்று கடிவாளத்தைத் தளர்த்தினேன். ராணி பறந்தாள்! ஒரு சொட்டுத் தண்ணீர் தெறிக்கவில்லை. குதிரைமேல் உட்கார்ந்தபடியே சிரித்தேன், அழுதேன்.

இறங்கினால், வேடிக்கை பார்ப்பவர்களுக்காகக் கட்டியிருந்த கயிற்றுக்கு அந்தப் பக்கம் அப்பா! வீட்டில் அம்மாவுக்கு நான் எழுதிய கடிதத்தில் நாளைத் தெரிந்துகொண்டு ரயிலேறி வந்திருக்கிறார். ராணியை ஏற இறங்கப் பார்த்தார்.

"இது கடிக்குமா?"

"கடிக்காதுப்பா."

அவள் கழுத்தைத் தடவினார். "நல்லாத்தான் தாண்டுறா. நீ ஏன்டா இப்படி இளைச்சிருக்க? சாப்பிட்டியா?"

அந்த வருஷம் இருவரும் வேளாங்கண்ணிக்கு நடந்தே போனோம். சாமி கும்பிடாத அப்பா, கோயில் வாசலில் செருப்புக்குக் காவல் உட்கார்ந்துகொண்டார். "போய் நிதானமா வேண்டிக்கிட்டு வா. நான் இருக்கேன்" என்றார்.

பிள்ளைகளே, உங்களுக்கும் நடுங்கும் கை இருக்கலாம், பேச்சு நின்றுபோன உறவு இருக்கலாம். கூச்சப்படாமல் தாயிடம் கேளுங்கள். நான் கேட்டது இரண்டு. இரண்டையும் தந்தாள்.