இரண்டு சத்தியத்துக்கு ஒரு மை

நான் காலால் பிறந்தவள். தலைக்கு முன்னால் கால் வந்ததாம். அதனால் பிரிக்பீல்ட்ஸில் ரயில்வே கூலிகள் வரிசை வீடுகளில் குடியிருந்த லயத்தில் யாருக்கு இடுப்புப் பிடித்தாலும் என்னைத்தான் மிதிக்கக் கூப்பிடுவார்கள். இரும்பு தூக்குகிற ஆட்கள்கூடக் குப்புறப் படுத்துக்கொண்டு, "மெதுவா தாயி" என்று கெஞ்சுவார்கள். அந்தக் கர்வம் எனக்கு உண்டு, இல்லை என்று சொல்ல மாட்டேன். காலால் பிறந்தவர்களுக்கு இன்னொரு வேலையும் உண்டு. மை பார்ப்பது. அதை ஒரே ஒரு தடவைதான் செய்தேன். 

அப்போது எனக்குக் கல்யாணமாகி ஒரு வருஷம்கூட ஆகவில்லை. ரயில்வேயில் ஆளைக் குறைத்துவிட்டார்கள். என் வீட்டுக்காரர் கூலி வேலை தேடிக் கிள்ளானுக்குப் போயிருந்தார். நானும் மாமியாரும் லயத்தில் இருந்தோம். ஒரு நாள் காலையில், கிள்ளான் ஆற்றில் படகிலிருந்து மூட்டை இறக்குகிற ஒருவர் வாசலில் வந்து நின்று தலையில் அடித்துக்கொண்டார்.

"உங்க வீட்டுக்காரரு ஆத்துல விழுந்துட்டாரும்மா. முந்தாநாள் கரையில வச்சு எரிச்சோம். நானும் ஒரு கை புடிச்சேன்."

மாமியார் போட்ட கூச்சலில் லயமே கூடிவிட்டது. அந்தக் கூட்டத்தில் எங்களுக்குப் பழக்கமான மாட்டுவண்டிக்காரர் ஒருவர் இருந்தார். அவர் முன்னால் வந்து, "என்னய்யா உளர்றே? நேத்து காப்பார் தோட்டத்துல அவருகிட்ட நெருப்பு வாங்கித்தான் சுருட்டுப் பத்த வச்சேன்" என்றார்.

"நான் எரிச்சது பேயையா?"

"அப்ப எனக்கு நெருப்புக் குடுத்தது பேயா?"

இருவரும் கற்பூரத்தைக் கையால் அணைத்துச் சத்தியம் செய்தார்கள். இருவருக்கும் கண் கலங்கவில்லை, குரல் நடுங்கவில்லை. செத்திருந்தால் கருமாதி பண்ண வேண்டும், இல்லாவிட்டால் ஆத்மா அலையும். உயிரோடு இருக்கிறவருக்குப் பண்ணினால் அவர் ஆயுசு போய்விடும். கூடியிருந்த பெண்கள் அத்தனை பேர் கண்ணும் என் தாலியில்தான். எந்தக் கை முதலில் அதைத் தொடப் போகிறதோ என்று நான் சுவரோடு ஒட்டிக்கொண்டேன்.

யாரோ ஓடிப்போய் மைக்காரரை அழைத்துவந்தார்கள். களவு கண்டுபிடிக்கிற சாதாரண மை இல்லை, அவர் வைத்திருந்தது. இரண்டு சத்தியம் ஒன்றோடொன்று மோதி, இரண்டிலும் பொய் இல்லாதபோது மட்டும்தான் அதைத் திறப்பாராம். பட்டப்பகலில் ஏற்றிய விளக்கின் கரி, வெயில் அடிக்கும்போதே பெய்த மழைத்தண்ணீர், கன்று போடாத பசுவின் நெய். அப்படி ஒரு நெய் எங்கே கிடைக்கும் என்று நான் கேட்கவில்லை. கேட்கிற நிலையில் நான் இல்லை.

"காலால் பொறந்தவங்க இருக்காங்களா?" என்றார்.

"எங்க இடுப்ப மிதிக்க மட்டும்தான் உன் காலா? போய் உக்காருடி" என்று பக்கத்து வீட்டு அக்கா என்னை முன்னால் தள்ளினாள்.

வெற்றிலையில் மை தடவி என் உள்ளங்கையில் வைத்தார். "கண்ணு சிமிட்டாம பாரு. உருவம் வந்ததும் பேரைச் சொல்லிக் கூப்பிடு. அந்தப் பேருக்குரியவன் திரும்புவான்."

 புருஷன் பேரை வாயால் சொன்னால் அவர் ஆயுசு குறையும். அப்படித்தான் என்னை வளர்த்தார்கள். பழக்கம் விடாமல் இதிலும் அவர் பேரை நான் எழுதவில்லை, பாருங்கள். செத்தவர் பேரைச் சொல்லலாம், ஒன்றும் ஆகாது. ஆனால் செத்தாரா என்று தெரிய, முதலில் பேரைச் சொல்ல வேண்டுமே! உயிரோடு இருந்தால் என் வாயே அவருக்கு எமன் ஆகிவிடும்.

"நான் கூப்பிடறேன், நான் பெத்தவ" என்றார் மாமியார்.

"பாக்கிற வாய்தான் கூப்பிடணும்மா."

மை முதலில் கறுப்பாகத்தான் இருந்தது. பிறகு குழம்பு கொதிப்பதுபோல ஓரம் அசைந்தது. ஆற்றங்கரைச் சேறு. அடுக்கிய விறகு. அதன்மேல் ஒருவர் படுத்திருந்தார். சற்றுத் தள்ளி ஒருவர் முதுகைக் காட்டி நின்றார், என் வீட்டுக்காரர்மாதிரியே ஒரு தோளைத் தாழ்த்திக்கொண்டு. மைக்காரர் என் தோளை உலுக்கினார். "கூப்பிடு! மை காஞ்சிடும்!"

என் வாயில் அவருக்காக இருந்தது ஒரே ஒரு சொல்தான்.

"ஏங்க!" என்றேன்.

நின்றவர் திரும்பினார். அவர்தான். அதே நேரத்தில், விறகின்மேல் படுத்திருந்தவரும் தலையைத் திருப்பினார். தண்ணீரில் ஊறி வீங்கிய முகம். யாருடையது என்று சொல்ல முடியாத முகம். அது என்னையே பார்த்தது.

வெற்றிலையை உதறிவிட்டேன். "ரெண்டு பேரும் திரும்புனாங்க" என்று கத்தினேன்.

மைக்காரர் சிமிழை மடியில் கட்டிக்கொண்டு, வைத்த தட்சணையைத் தொடாமல் எழுந்தார். "ரெண்டு சத்தியமும் நெசம்தான். இதுக்கு மேல மைக்கு வேலையில்ல. நேர்ல போய்ப் பாருங்க."

மாமியார் என் முந்தானையை இழுத்துத் தாலியை மூடினார். "யாரும் தொடக் கூடாது" என்றார். அன்றைக்கே கிள்ளானுக்கு ரயில் ஏறினோம். கூடவே வந்த வண்டிக்காரர், கிள்ளானில் விட்டுவைத்திருந்த தன் மாட்டுவண்டியில் எங்களைக் காப்பாருக்குக் கூட்டிப்போனார்.  எனக்குக் காத்திருப்பது நின்றவரா, படுத்தவரா?

தோட்டத்துக் கொட்டகையில் என் வீட்டுக்காரர் உட்கார்ந்து கத்தி தீட்டிக்கொண்டிருந்தார். "ஏம்மா, யாரு செத்தது?" என்று எழுந்து வந்தார். மாமியார் அவரை அடித்தார், பிறகு கட்டிக்கொண்டு அழுதார். நான் தள்ளியே நின்றேன். அவரைத் தொடப் பயமாக இருந்தது.

விஷயம் இதுதான். கிள்ளானில் கூலிகளுக்குப் பேர் கிடையாது, கழுத்தில் தொங்குகிற தகர நம்பர்தான். இவர் காப்பாருக்குக் கிளம்பும்போது, வேலை கிடைக்காமல் நின்ற ஒருவருக்குத் தன் நம்பரையும் சட்டையையும் கொடுத்திருக்கிறார். ஆற்றில் விழுந்தவர் அவர். முகம் ஊறி வீங்கிப்போனதால், நம்பரைப் பார்த்து இவர்தான் என்று எரித்துவிட்டு, பதிவில் இருந்த எங்கள் விலாசத்துக்கு ஆள் அனுப்பியிருக்கிறார்கள். எந்த ஊர், யார் பிள்ளை, எதுவும் இவருக்குத் தெரியாது.

"கல்யாணம் ஆனவருன்னு மட்டும் தெரியும்" என்றார். "ஊருக்குப் போனா பொண்டாட்டிக்குச் சேலை வாங்கணும்னு சொல்லிக்கிட்டிருந்தாரு."

அதைக் கேட்டதும்தான், மையில் அந்த முகம் ஏன் திரும்பியது என்று எனக்குப் புரிந்தது. எந்தப் பெண்டாட்டியும் அப்படித்தானே கூப்பிடுவாள்? என் வீட்டுக்காரரைக் கூட்டிக்கொண்டு வீட்டுக்கு வந்து, அவருக்குச் சோறு போட்டேன். அவர் வாசலில் முதுகைக் காட்டி உட்கார்ந்திருந்தார். கூப்பிட வாயெடுத்தேன், நாக்கு மேலண்ணத்தில் ஒட்டிக்கொண்டது. இன்னொருவரும் எங்கிருந்தோ திரும்பிவிட்டால்?

தட்டைத் தரையில் தட்டினேன். அவர் திரும்பினார். அவர் கண்ணை மூடுகிற வரைக்கும் அப்படித்தான் கூப்பிட்டேன்.