காரக் காளானின் முதல் வாய்

மலையில் எனக்கு நர்ஸ் வேலை கிடைத்ததும் நான் செய்த முதல் காரியம், காளானுக்குத் தடை போட்டது. முன்பு வேலை பார்த்த ஊரில், விஷக் காளான் தின்றுவிட்டு வந்த ஒரு குடும்பத்தைப் பார்த்திருந்தேன். அந்தப் பயம் என்னை விடவில்லை. கல்வராயன் மலையில் மழை பிடித்த முதல் வாரமே வீடு வீடாகப் போய், "ஒருத்தரும் காட்டுக் காளானைத் தொடக் கூடாது" என்று அதட்டிவிட்டு வந்தேன். எனக்கு அப்போது வாய் கொஞ்சம் நீளம். இப்போதும் குறைந்துவிட்டதாகச் சொல்ல முடியாது.

அதன் பிறகு, என்னைக் கண்டாலே பெண்கள் கொல்லைப் பக்கம் நழுவினார்கள். மாத்திரை வாங்கக்கூட யாரும் வரவில்லை. அதைப் பொறுத்துக்கொள்வேன். ஆனால் அங்கே ஏழு மாதக் கர்ப்பிணி ஒருத்தி இருந்தாள், என் வயதுதான். அவளுடைய முதல் பிள்ளை வீட்டில் பிறந்து, அன்றைக்கே போய்விட்டது. இந்த முறை ஒரு வாரம் முன்னதாகவே அவளைக் கள்ளக்குறிச்சி ஆஸ்பத்திரியில் சேர்த்துவிட வேண்டும் என்று நான் ஒற்றைக் காலில் நின்றேன். அவள் அசைந்து கொடுக்கவில்லை. நாலாவது தடவை நான் போய்க் கத்தியபோது, சாமை புடைத்துக்கொண்டிருந்தவள் முறத்தைக் கீழே வைத்தாள்.

"நர்சம்மா, எத்தினி வாட்டி வந்துட்டீங்க. எங்க வூட்ல ஒரு வாய் சாப்ட்டதில்ல. நான் மட்டும் நீங்க சொல்ற எடத்துல போயி படுத்துக்கினு, அவங்க குடுக்கறத முழுங்கணுமா?"

எனக்குச் சுருக்கென்றது. ஒவ்வொரு முறையும் 'இப்பதான் சாப்பிட்டேன்', 'வயிறு சரியில்லை' என்று சாக்குச் சொன்னவள் நான்தான். நைனார்பாளையத்திலிருந்து மலையேறியபோது பெட்டியோடு சேர்த்துக் கொண்டுவந்த மிதப்பு அது.

"சரி, சாப்பிடறேன். இன்னா ஆக்கப் போற?"

"காளான்தான்," என்றாள். வேண்டுமென்றேதான் சொன்னாள்.

மறுநாள் காலை இருவரும் காட்டுக்குப் போனோம். அவளால் குனிய முடியாது. அவள் கைகாட்ட, நான் பறித்தேன். ஈரச் சருகுக்கிடையில் வெள்ளையாக, நடுவில் குழி விழுந்த தட்டையான காளான்கள். கீரை அறுப்பதுபோல் கத்தியால் தண்டை நறுக்கி, ஒரு பொட்டு மண் ஒட்டாமல் கூடையை நிரப்பினேன். எனக்கே பெருமையாக இருந்தது. அவள் எட்டிப் பார்த்தாள். கூடையை வாங்கி, மொத்தத்தையும் மரத்தடியில் கவிழ்த்துவிட்டாள்.

"இன்னாத்துக்குமா கொட்ன?" எனக்குக் கோபம் தலைக்கேறியது.

"அடி எங்க? மண்ணுலயே வுட்டுட்டு வந்துட்டீங்க. கொல்ற காளானுக்கு அடியில முட்டை ஓடு மாதிரி ஒரு கிண்ணம் இருக்கும். அடியப் பாக்காம இது எதுன்னு நான் எப்பிடிச் சொல்றது?"

சுத்தம் சுத்தம் என்று பாடம் படித்தவள், பார்க்க வேண்டியதைத்தான் மண்ணில் விட்டிருக்கிறேன். ஒரு குச்சியை எடுத்தேன். இந்த முறை ஒவ்வொன்றையும் சுற்றித் தோண்டி, அடியோடு எடுத்துக் காட்டினேன். அடியில் கிண்ணம் இல்லாததைப் பார்த்த பிறகு ஓரத்தை ஒடித்தாள். வெள்ளைப் பால் கசிந்தது. அதை நாக்கு நுனியில் தொட்டு, உடனே துப்பினாள். நானும் அப்படியே செய்தேன். பச்சை மிளகைக் கடித்த மாதிரி எரிந்தது. கண்ணில் நீர் வந்துவிட்டது. முதல் தடவையாக அவள் சிரித்து அன்றுதான் பார்த்தேன்.

"காரமா கீதுன்னு அத மட்டும் நம்பிடாதீங்க. அடி, பாலு, வாசன, அது மொளைக்கற மரம், எல்லாம் சேந்து வரணும். ஒண்ணு கொறஞ்சாலும் வுட்டுடணும்."

வீட்டில் ஒரு பிடியை மட்டும் பிய்த்துப் போட்டு வேகவைத்து, தண்ணீரை வடித்துக் கொட்டினாள். மறுபடியும் வேகவைத்து, மறுபடியும் கொட்டினாள். பிறகு சின்ன வெங்காயம், பூண்டு, உப்பு போட்டு வதக்கினாள். ஒரு மிளகாய்கூடப் போடவில்லை. சாமைச் சோற்றோடு தட்டு என் முன்னால் மட்டும் வந்தது. யார் பறித்தார்களோ அவர்கள்தான் முதல் வாய் சாப்பிட வேண்டுமாம். மற்றவர்கள் மறுநாள் காலை வரைக்கும் காத்திருப்பார்களாம்.

விஷக் காளான் உடனே காட்டிக்கொடுக்காது, மறுநாள்கூட ஆகலாம் என்று எனக்குத் தெரியும். அதனால் அந்த வழக்கத்தைப் பார்த்துச் சிரிக்க முடியவில்லை. ஒரு வாய் அள்ளிச் சாப்பிட்டேன். காரம் அடங்கி, தொண்டையில் இதமாக இறங்கியது. நன்றாக இருக்கிறது என்று சொல்ல வெட்கமாக இருந்தாலும் சொன்னேன்.

மறுநாள் காலை என் கதவைத் திறந்தால், இடுப்பில் கை வைத்துக்கொண்டு அவள் படியில் நிற்கிறாள்.

"நல்லா கீறீங்களா?"

"கீறேன்."

"அப்ப நாங்களும் ஆக்கறோம்," என்று போய்விட்டாள். ஆஸ்பத்திரியைப் பற்றி ஒரு பேச்சும் இல்லை.

ஆனால் தேதி நெருங்கியபோது, துணிப் பையோடு அவளாகவே வந்து பஸ் எத்தனை மணிக்கு என்று கேட்டாள். ஆஸ்பத்திரியில் ஐந்தாம் நாள் பெண் குழந்தை நல்லபடியாகப் பிறந்தது. குரலும் ஊரைக் கூட்டுகிற குரல். அந்த அழுகையைக் கேட்டு நானும் அழுதேன். ஆனாலும் எனக்கு அதிகம் நினைவுக்கு வருவது அவளைச் சேர்த்த முதல் நாள்தான். வார்டில் பாலும் ரொட்டியும் கொடுத்தார்கள். அவள் தொடாமல் என்னிடம் நீட்டினாள்.

"நீங்கதான கூட்டினு வந்தீங்க. மொதல்ல நீங்க."

ஒரு துண்டைப் பிய்த்துப் பாலில் நனைத்துச் சாப்பிட்டேன். மறுநாள் காலை வரை அவள் காத்திருக்கவில்லை. மீதியை என் கையிலிருந்தே வாங்கிக்கொண்டாள்.