சாந்தோ தொமிங்கோவில் ரயில் தேடிய என் கணவர்

ஹம்பேர்க் குளிருக்குத் தப்பி, நானும் கணவரும் தொமினிக்கன் குடியரசுக்கு விடுமுறையில் போயிருந்தோம். ஒருநாள், ஜேர்மன் மொழி பேசும் வழிகாட்டிப் பெண் ஒருவரைத் தனியாக அமர்த்திக்கொண்டு, தலைநகர் சாந்தோ தொமிங்கோவின் பழைய நகரைப் பார்க்கச் சென்றோம்.

கணவர் சர்க்கரை நோய்க்கு இன்சுலின் போடுபவர். பசி நேரம் வந்தபோது, "கோட்டையையும் பாத்திட்டுச் சாப்பிடுவம்" என்றார். நானும் தலையாட்டினேன். சர்க்கரை இறங்கினால் வாயில் போடும் குளுக்கோஸ் வில்லைகள் இருந்த அவருடைய பையோ தூரத்தில் நிறுத்திய காரில் கிடந்தது.

கல் பாவிய தெருவில் நடக்கும்போது என்மீது எரிந்து விழுந்தார். வெயில் களைப்பு என்று நினைத்துத் தொடர்ந்து நடந்தேன். திடீரென்று அவர் வழிகாட்டியிடம் தமிழில், "தங்கச்சி, எஸ்-பான் ரயில் எந்தப் பக்கத்தால வரும்?" என்று கேட்டார். அது ஹம்பேர்க்கில் ஓடும் நகர ரயில்; வழிகாட்டிக்கோ தமிழ் தெரியாது. முகமெல்லாம் வியர்வை. எனக்கு உயிரே போய்விட்டது.

சர்க்கரை இறங்கிவிட்டது என்று வழிகாட்டியிடம் கத்தினேன். அவர் ஓடிப்போய்த் தெருவோர வண்டியில் கரும்புச்சாறு வாங்கிவந்தார். கணவரைப் படிக்கட்டில் இருத்தி மெல்ல மெல்லக் குடிக்கவைத்தேன்.

சற்று நேரத்தில், "ஏன் ரெண்டு பேரும் என்னை இப்பிடிப் பாக்கிறியள்?" என்றார். அப்போதுதான் எனக்கு அழுகை வந்தது. கோட்டையை விட்டுவிட்டுச் சாப்பிடப் போனோம்.

இப்போது வில்லைகள் என் கைப்பையிலும் இருக்கின்றன. கூட வருபவரிடம் கணவருடைய நோயைப் பற்றி முதலிலேயே சொல்லிவிடுகிறேன். அவர் காரணமில்லாமல் எரிந்து விழுந்தால் நான் கோபிப்பதில்லை. சர்க்கரை பார்க்க விரலை நீட்டச் சொல்கிறேன்.