8101 இல்லாத கடிதம்

இன்று மாலை லிட்கம் நிலையத்தில் ரயில் ஏறியதும் குடிவரவுத் திணைக்களத்தின் கடிதம் மின்னஞ்சலில் வந்தது. இறுதி முடிவு வரும்வரை இங்கு தங்க அனுமதிக்கும் என் பிரிட்ஜிங் விசா புதுப்பிக்கப்பட்டுவிட்டது.

மகிழ்வதற்கு முன் ஒன்றைச் சரிபார்க்க வேண்டியிருந்தது. நிபந்தனைகளில் 8101 என்ற எண் இருந்தால் வேலை செய்ய அனுமதியில்லை. பழைய விசா வெள்ளியுடன் முடிகிறது. அந்த எண் இருந்தால் திங்கள் முதல் எனக்கு வேலை இராது.

நான்கு முறை வாசித்தேன். எண்ணைக் காணவில்லை. ஆயினும் என் கண்களை நான் நம்பவில்லை. எதிர் இருக்கையில் தொலைபேசியில் தமிழ் பேசி முடித்த, தாதியர் சீருடை அணிந்த பெண்ணிடம் கைபேசியை நீட்டினேன்.

“தங்கச்சி, குறை நினைக்காதேங்கோ. இதில 8101 எண்டு எங்கையாவது கிடக்கோ?”

“என்னண்ணை, லொத்தர் நம்பரோ?”

விளக்கினேன். அவர் வரிவரியாகத் தேடினார்.

“இல்லை அண்ணை. நீங்கள் வடிவா வேலைக்குப் போகலாம்.”

“கடைசிப் பக்கத்தையும் ஒருக்கா...”

“கடைசிப் பக்கத்தில அவையின்ர போன் நம்பர்தான் கிடக்கு. அதிலயும் 8101 இல்லை. அது சரி, நீங்கள் எங்க இறங்கோணும்?”

“பென்டில் ஹில்.”

“அது இப்பதான் தாண்டினது.”

இங்கு வந்த பதினொரு ஆண்டுகளில் நான் ஒரு நிலையத்தையும் தவறவிட்டதில்லை. இதை அடுத்த நிலையமான டூங்காபியின் நடைமேடையில் அமர்ந்து, தனியாகச் சிரித்தபடி எழுதுகிறேன். திரும்பும் ரயில் ஒன்றும் போய்விட்டது; அப்போது ஐந்தாம் முறையாக வாசித்துக்கொண்டிருந்தேன்.

இதே கடிதத்துக்குக் காத்திருந்தவர்களே, நீங்கள் எத்தனையாவது வாசிப்பில் நம்பினீர்கள்?