9999 விளையாட்டுகளை எண்ணிய வாரம்

நான் ஒன்பதாம் வகுப்பு படித்த ஆண்டு, காலாண்டு விடுமுறையின் முதல் ஞாயிற்றுக்கிழமை சித்தப்பா எனக்கு ஒரு வீடியோ கேம் வாங்கி வந்தார். கைக்குள் அடங்குகிற மஞ்சள் பெட்டி. மேலே தீப்பெட்டியைவிடச் சற்றுப் பெரிய சாம்பல் திரை, கீழே பட்டன்கள். திரையில் படம் என்று எதுவும் கிடையாது, கறுப்புச் சதுரங்கள்தான். அவை சேர்ந்துதான் காரும் பாம்பும் ஆகவேண்டும். அது வந்த அட்டைப் பெட்டியில், ஒன்றுக்குள் 9999 விளையாட்டுகள் என்று ஆங்கிலத்தில் கொட்டை எழுத்தில் போட்டிருந்தது.

"நீ கெயவி ஆனாலும் ஆடி முடிக்க மாட்டே கண்ணு" என்றார் சித்தப்பா.

அப்பாவை நாங்கள் நைனா என்போம். ஆவடியில் டாங்கி செய்யும் ராணுவத் தொழிற்சாலையில் இன்ஸ்பெக்‌ஷன் பிரிவில் அவருக்கு வேலை. செய்து வரும் ஒவ்வொரு உருப்படியையும் அளந்து, வரைபடத்தில் உள்ளபடி இருந்தால் அனுப்பவேண்டும், இல்லாவிட்டால் சிவப்பு பெயின்ட் அடித்து ஒதுக்கவேண்டும். வீட்டுக்கு வந்தாலும் அந்தக் கண் மூடாது. அம்மா வாங்கிவரும் பிஸ்கட் பாக்கெட்டில் எத்தனை என்று எழுதியிருக்கிறதோ அத்தனை இருக்கிறதா என்று பார்ப்பார். அவர் அந்த அட்டைப் பெட்டியை வாங்கி நாலு பக்கமும் படித்துவிட்டு, "எண்ணிப் பாத்தியா?" என்று தம்பியைக் கேட்டார். கடைக்காரன் சொன்னான் என்றார் சித்தப்பா. எழுதியிருப்பது ஒன்றும் உள்ளே இருப்பது வேறொன்றுமான பொருள் இந்த வீட்டில் இருக்கக்கூடாது என்றார் நைனா. அடுத்த ஞாயிறு வரை கெடு. நான் எண்ணிச் சொல்லவேண்டும். குறைந்தால் சித்தப்பா அதை எடுத்துக்கொண்டு போய்க் கடையிலேயே கொடுத்துவிட வேண்டும்.

சித்தப்பா சிரித்துக்கொண்டே சரி என்றார். ஆனால் சைக்கிளை எடுக்கும்போது அவர் முகம் நன்றாக இல்லை.

அவர்கள் இரண்டு பேருக்கும் இடையில் இருந்தது இந்தப் பெட்டி மட்டுமல்ல. தாத்தா காலம் வரை நெமிலிச்சேரிப் பக்கம் பிறத்தியார் நிலத்தில் கூலி வேலை செய்த குடும்பம் எங்களுடையது. நைனாவுக்கு ஃபேக்டரி வேலையும் குவார்ட்டர்ஸும் கிடைத்தன. சித்தப்பா திருமழிசையில் ஒரு சின்னக் கம்பெனியில் பிரஸ் மிஷின் ஓட்டினார். நல்ல மனுஷர், ஆனால் வாய் கொஞ்சம் நீளம். ஏரியில் அவர் பிடிக்கும் விரால் மீன் எங்கள் வீட்டுக்கு வந்து சேருவதற்குள் பேச்சிலேயே ஒரு முழம் வளர்ந்துவிடும். முந்தின தீபாவளியன்று நாலு பேர் எதிரில் நைனா அவரை டூப்பு மாஸ்டர் என்று சொல்லிவிட, மூன்று மாதம் அவர் எங்கள் வாசலை மிதிக்கவில்லை. இப்போது அவர் ஆசையாக வாங்கி வந்ததையும் பொய் என்று திருப்பிக் கொடுத்தால் அவர் வருவது மொத்தமாக நின்றுபோகும். எனக்கு அது நன்றாகத் தெரிந்திருந்தது. என்னைப் பார்த்ததும் மார்க் கேட்காத ஒரே பெரியவர் அவர்தான். அவரை இழக்க எனக்கு மனமில்லை.

திங்கட்கிழமை காலையிலேயே உட்கார்ந்துவிட்டேன். ஒரு பழைய பூகோள நோட்டின் பின்பக்கத்தில் கட்டம் போட்டேன். எழுத்து, எண், என்ன நடக்கிறது, குறிப்பு. பெட்டியை ஆன் செய்தால் ஒரு சங்கீதம் வரும், பிறகு திரையில் ஆங்கில எழுத்து ஒன்று நிற்கும். ஒரு பட்டனை அழுத்தினால் அடுத்த எழுத்து. இன்னொன்றை அழுத்தினால் பக்கத்தில் உள்ள எண் ஏறும். ஒவ்வொன்றாக ஆடி எழுதிக்கொண்டே போனேன். முதல் நாள் எனக்கு ஒரே பிரமிப்பு. இவ்வளவையும் யாரோ எங்கோ உட்கார்ந்து யோசித்திருக்கிறார்களே என்று நினைத்தேன்.

செவ்வாய் மத்தியானம் இருநூறைத் தாண்டியபோது சந்தேகம் வந்தது. குறிப்பு என்ற கட்டத்தில் நான் எழுதியிருந்தவற்றைப் படித்துப் பார்த்தேன். 'முன்போலவே, கொஞ்சம் வேகம்.' 'முன்போலவே, அடியில் இரண்டு வரிசைக் கல் ஏற்கெனவே இருக்கிறது.' 'முன்போலவே.' பக்கம் பக்கமாக முன்போலவேதான். ஒரே விளையாட்டு வேறு வேறு எண்ணோடு வந்துகொண்டிருந்தது. ஒரே பஸ் நாலு நம்பர் பலகையை மாற்றி மாட்டிக்கொண்டு வந்தால் நாலு பஸ் ஆகிவிடுமா?

கடைக்காரன்மேல் எனக்குக் கோபம் வந்தது. அது ஆறியதும் ஒரு கேள்வி வந்து பிடித்துக்கொண்டது. அப்படியானால் ஒரு விளையாட்டு என்பது எது? வேகம் மாறினால் வேறா? கார் இடது பக்கம் ஒதுங்குவதற்குப் பதில் வலது பக்கம் ஒதுங்கினால் வேறா? பள்ளிக்கூடத்தில் யாரும் என்னை இப்படி யோசிக்க வைத்ததில்லை. கடைசியில் நானே ஒரு விதி வைத்துக்கொண்டேன். விரல் புதிதாக ஒன்றைக் கற்றுக்கொள்ள வேண்டியிருந்தால் அது வேறு விளையாட்டு. கற்ற பழக்கமே போதுமென்றால் பழையதுதான். அந்தக் கணக்கில் எழுத்துகளே பாதி உதிர்ந்தன. மேலிருந்து கல் விழுவது, கார், பாம்பு, தவளை ரோட்டைத் தாண்டுவது, டாங்கி, பந்தால் சுவரை உடைப்பது என்று பதினொன்றுதான் தேறியது.

புதன்கிழமை பென்சில் பேட்டரி இரண்டும் தீர்ந்துபோயின. சுவர்க் கடிகாரத்திலிருந்து ஒன்று, டைம்பீஸிலிருந்து ஒன்று கழற்றிப் போட்டுக்கொண்டேன். அம்மா இரண்டு நாள் ஃபேக்டரிச் சங்கைக் கேட்டே உலை வைத்தாள். திட்டவில்லை, ஆனால் அப்படி என்னதான் எண்ணுகிறாய் என்று பக்கத்தில் வந்து உட்கார்ந்தாள். கல் மேலிருந்து விழுவதையும், அதையே தலைகீழாக்கிக் கீழிருந்து மேலே போவதையும் காட்டி, இரண்டும் ஒன்றுதான் என்றேன். அவளே வாங்கி ஆடிப் பார்த்தாள். கல் எல்லாம் தப்பான இடத்தில் போய் ஒட்டிக்கொண்டது.

"இட்லி, தோச ரெண்டும் ஒரே மாவுதான். அதுக்காவ ரெண்டும் ஒண்ணாயிடுமா?" என்றாள்.

 என் விதிப்படியே பார்த்தாலும் அவள் சொன்னதுதான் சரி. என் விரலும் முதல்முறை தடுமாறத்தான் செய்தது, நான்தான் அவசரத்தில் கவனிக்கவில்லை. ஒதுக்கியவற்றையெல்லாம் திரும்ப எடுத்து ஆடினேன். இன்னும் மூன்று தேறின. வெள்ளிக்கிழமை சாயந்திரம் நோட்டில் பதினாலு என்று எழுதி அடியில் கோடு போட்டேன்.

சத்தியமாகச் சொல்கிறேன், முதலில் சந்தோஷமாக இருந்தது. அந்தப் பெட்டிக்குள் உண்மையில் என்ன இருக்கிறது என்று, அதைச் செய்தவனை விட்டால், எனக்குத்தான் தெரியும் என்று நினைத்துக்கொண்டேன். அதன் பிறகுதான் சித்தப்பாவை நினைத்தேன். 9999 எங்கே, பதினாலு எங்கே. 9999 இருக்கிறது என்று பொய் எழுதிவிடலாமா என்று யோசித்தேன். நைனா நோட்டில் எங்காவது நாலு இடத்தில் விரல் வைத்து, இதைக் காட்டு என்பார். மாட்டிக்கொள்வேன். அதைவிட, கஷ்டப்பட்டுக் கண்டுபிடித்த பதினாலை அழிக்க எனக்கே மனம் வரவில்லை.

அப்போதுதான் டீவியேஷன் ஞாபகம் வந்தது. நைனா சாப்பிடும்போது அடிக்கடி சொல்லும் வார்த்தை அது. ஒரு உருப்படி வரைபடத்தில் உள்ள அளவுக்கு வரவில்லை, ஆனால் வேலைக்கு ஆகும் என்று வைத்துக்கொள்ளுங்கள். எவ்வளவு குறை என்று ஒளிக்காமல் எழுதி, மேலே கேட்டு, கையெழுத்து வாங்கி, ஒரு டேக் கட்டி அனுப்பலாம். குறையை மறைத்தால்தான் குற்றம். ஒரு பழைய கல்யாணப் பத்திரிகையை வெட்டி, ஓட்டை போட்டு நூல் கோத்து, வெள்ளைப் பக்கத்தில் எழுதினேன்: 'பொருள்: வீடியோ கேம். பெட்டியில் சொன்னது: 9999. உள்ளே இருப்பது: 14. குறை: 9985. பதினாலும் நன்றாக வேலை செய்கின்றன. டீவியேஷனில் ஏற்றுக்கொள்ளலாம். இன்ஸ்பெக்டர் கையெழுத்து.' அதற்கு எதிரே ஒரு கோடு.

ஞாயிறு காலை டேக்கையும் நோட்டையும் பெட்டியையும் நைனாவிடம் கொடுத்தேன். மூன்று தடவை படித்தார். சிரிப்பு வந்திருக்கவேண்டும், மீசைக்குக் கீழேயே அடக்கிக்கொண்டார். தான் சோதித்துப் பார்க்காத எதிலும் கையெழுத்துப் போடுவதில்லை என்று சொல்லிவிட்டு நாற்காலியில் உட்கார்ந்தார். நோட்டைத் தொடைமேல் விரித்துவைத்து, ஒன்றாம் நம்பரிலிருந்து ஆடிப் பார்க்க ஆரம்பித்தார். டாங்கி வந்ததும் முகத்தைச் சுளித்தார். மேலே உள்ள குழாயைத் திருப்பாமல் வண்டியையே திருப்பிக்கொண்டு சுடுகிற டாங்கியை ஆவடியில் எவனும் வெளியே விடமாட்டான் என்றார். ஆனாலும் அதையும் டிக் அடித்தார். காரில் மட்டும் ரொம்ப நேரம் நின்றுவிட்டார்.

அந்த நேரத்தில் வாசலில் சைக்கிள் மணி கேட்டது. அண்ணன் கையில் பெட்டியையும் மேஜைமேல் அது வந்த அட்டைப் பெட்டியையும் பார்த்ததும் சித்தப்பாவுக்குப் புரிந்துவிட்டது. செருப்பைக்கூடக் கழற்றவில்லை.

"எவ்ளோ கீதாம்ணே?"

நைனா திரையிலிருந்து கண் எடுக்காமல் பதினாலு என்றார். சித்தப்பா என்னைப் பார்க்காமல், மேஜைமேல் இருந்த அட்டைப் பெட்டியை எடுத்து அக்குளில் வைத்துக்கொண்டார். குடு, போய்க் குடுத்துட்டு வந்துடறேன் என்று கையை நீட்டினார்.  ஏன்தான் ஒழுங்காக எண்ணினேனோ என்று எனக்கு என்மேலேயே கோபம் வந்தது.

நைனா காரை இடித்து முடித்துவிட்டுப் பேனாவைத் திறந்தார். டேக்கில் நான் போட்டிருந்த கோட்டின்மேல், ஃபேக்டரியில் போடுவதுபோல முழுக் கையெழுத்தாகப் போட்டு, பெட்டியில் கட்டித் தம்பியிடம் நீட்டினார். சித்தப்பா எழுத்துக் கூட்டிப் படித்தார்.

"எயுதினது ஒண்ணு, உள்ள கீறது ஒண்ணு. ஆனா உள்ள கீறது நல்லாத்தான் கீது" என்றார் நைனா. கொஞ்சம் பொறுத்து, "ஒனக்கும் நான் எப்பவோ கையெயுத்து போட்டிருக்கணும்டா" என்றார்.

சித்தப்பா அக்குளில் இருந்த அட்டைப் பெட்டியைத் திரும்ப மேஜைமேல் வைத்தார். செருப்பைக் கழற்றிவிட்டு வந்து அண்ணனுக்குப் பக்கத்தில் உட்கார்ந்து, பதினாலில் எது நன்றாக இருக்கும் என்று கேட்டார். கார் என்றார் நைனா. சாயந்திரம் வரை அந்தப் பெட்டி என் கைக்குத் திரும்பி வரவில்லை.

மழைக்காலம் முடிந்து ஒரு ஞாயிற்றுக்கிழமை சித்தப்பா வழக்கம்போல வந்து, ஏரியில் ஒரு விரால் மாட்டியது, கடைசி நிமிஷத்தில் நழுவிவிட்டது என்று ஆரம்பித்தார். இவ்வளவு நீளம் என்று இரண்டு கைகளையும் விரித்துக் காட்டினார். நான் நைனாவைப் பார்த்தேன். அளந்து பார்த்தாயா என்று அவர் கேட்கவில்லை, அப்படியா என்று மட்டும் சொல்லிவிட்டுக் காப்பியைக் குடித்தார். சித்தப்பா விரித்த கைகளை ஒரு நிமிஷம் அப்படியே வைத்திருந்தார். பிறகு யாரும் சொல்லாமலே ஒரு சாண் குறைத்துக்கொண்டார்.