சேரனுக்குப் பாடிய ஒப்பாரி

சிப்காட் கம்பெனி வேலையை உதறிவிட்டு, கிடாரும் கையுமாகத் தானே எழுதி, தானே மெட்டுப் போட்டு, தானே பாடப் பூவரசன் கிளம்பியபோது தேவனாம்பட்டினமே சிரித்தது. காதல் பாட்டு பாடினான், கடல் பாட்டு பாடினான். யூடியூபில் ஒருத்தரும் சீந்தவில்லை. அண்ணன் சேரன் மட்டும் படகில் சத்தமாக வைத்துக் கேட்பான்.

"உன் பாட்டுக்கு மீனெல்லாம் ஓடுதுடா" என்று கிண்டல் வேறு.

ஒரு ஐப்பசியில் சேரன் போன படகு கவிழ்ந்தது. கூடப் போனவர்கள் கரை சேர்ந்தார்கள். அவன் வரவில்லை, உடலும் ஒதுங்கவில்லை. உடல் கிடைக்காதவனுக்கு அந்த வீட்டில் ஒப்பாரி வைப்பதில்லை. வைத்தால், போய்விடு என்று நாமே அனுப்பிவைத்த மாதிரி. அண்ணி பவானி பொட்டும் தாலியுமாகக் காத்திருந்தாள்.

பூவரசனுக்குத்தான் துக்கம் தாங்கவில்லை. வீட்டுக்குத் தெரியாமல் ஒப்பாரி மெட்டிலேயே அண்ணனுக்கு ஒரு பாட்டுக் கட்டி யூடியூபில் போட்டான். அது பற்றிக்கொண்டது. பஸ்ஸில், டீக்கடையில், எங்கே பார்த்தாலும் அதுதான். மீன் மார்க்கெட்டில் யாரோ செல்போனில் வைத்ததைக் கேட்டுவிட்டுப் பவானி நேரே அவனிடம் வந்தாள். அழவில்லை.

"நாளைக்கி அவுரு வந்து நின்னா, இந்தப் பாட்ட என்னா பண்ணுவ தம்பி?"

பாட்டை எடுத்துவிட அவனுக்கு மனம் வரவில்லை. அதனால்தானே ஊர் ஊராக மேடை கிடைத்தது!

சிதம்பரத்தில் ஒரு கல்லூரி விழா. புதுப்பாட்டு எதை ஆரம்பித்தாலும் பிள்ளைகள் விடவில்லை. "அண்ணன் பாட்டு! அண்ணன் பாட்டு!" என்று ஒரே கூச்சல். பாடினான். கூட்டமே கண் கலங்கியது. கடைசி வரியில் நிமிர்ந்து பார்த்தால், கூட்டத்துக்குப் பின்னால் தூணோரம் ஒருவன் தோளைச் சாய்த்துக் கைகட்டி நிற்கிறான். சேரன் அப்படித்தான் நிற்பான்.

பூவரசன் அண்ணே என்று கத்திக்கொண்டு ஓடியிருக்க வேண்டும். பாவி நெஞ்சு முதலில் சொன்னது வேறு.

'நீ வந்துடாத.'

அந்த ஆள் வெளிச்சத்துக்கு வந்தான். ஸ்பீக்கர் கட்ட வந்தவன். அப்பாடா என்றிருந்தது பூவரசனுக்கு. கைதட்டல் அடங்கவே இல்லை.

மறுநாள் மதியம் வீட்டுக்குப் போனான். பவானி வழக்கம்போல் சேரனுக்கும் சேர்த்துச் சோறு வடித்திருந்தாள். அவள் முகத்தை அவனால் பார்க்க முடியவில்லை. கடல் என்ன செய்ததோ யாருக்கும் தெரியாது. வராதே என்று அண்ணனிடம் சொன்னது தான்தான் என்று அவனுக்குத் தெரியும்.