நாக்கில் வைக்காத சமையல்

அந்தக் குசினியில் இருந்தவர்கள்: துருக்கிக்காரர். அவருடைய மனைவி, ஏழு மாதக் கர்ப்பம். என்னுடைய அத்தான், அக்காவின் கணவர். நான்.

நாலு ஞாயிற்றுக்கிழமையும் இதே நாலு பேர்தான். ஆக்லாந்து நகரத்தில், ஒனிஹங்காவில் ஒரு பலகை வீடு. குசினி சின்னது. நான் அடுப்படியில் நிற்பேன். அந்த அம்மா எனக்குப் பக்கத்தில் கதிரை போட்டு, மரக்கரண்டியைக் கையில் வைத்துக்கொண்டு இருப்பார். எனக்கு அவரை விடப் பத்து வயது கூட. இருந்தாலும் அம்மா என்றுதான் சொல்வேன். துருக்கிக்காரரும் அத்தானும் மேசையில் சாப்பாட்டுக்குக் காத்திருப்பார்கள். அத்தானை யாரும் கூப்பிடவில்லை. என்னிடம் கார் இல்லாதபடியால் கொண்டுபோய் விட வந்தவர், அப்படியே இருந்துவிட்டார்.

நான் அங்கே போனது வேலைக்காக.

அப்போது மங்கரேயில் அக்கா வீட்டில் இருந்தேன். விமான நிலையத்துச் சரக்குக் கொட்டிலில் பெட்டி ஏற்றும் வேலை. கூப்பிட்டால் போக வேண்டும். கூப்பிடாவிட்டால் வீட்டில் இருக்க வேண்டும். மனைவியும் மகளும் கொழும்பில், வெள்ளவத்தையில் ஒரு லொட்ஜ் அறையில் இருந்தார்கள். அவர்களை எடுப்பிக்க ஃபோம் நிரப்பிக் கொண்டுபோனேன். விசா அலுவலகத்தில் இருந்த பெண் புரட்டிப் பார்த்துவிட்டு, நிரந்தர வேலை என்று ஒரு கடிதம் வேண்டும் என்றார். கூப்பிட்டால் போகிற வேலைக்கு யாரும் அப்படிக் கடிதம் தர மாட்டார்கள்.

துருக்கிக்காரர் என்னோடு அதே கொட்டிலில் பெட்டி தூக்கியவர். ஒனிஹங்காவில் காலைச் சாப்பாட்டுக் கடை ஒன்று திறக்கப் போவதாகச் சொன்னார். மனைவிக்குப் பிள்ளை பிறந்துவிட்டால் குசினிக்கு ஆள் வேண்டும். நான் ஊரில் பதினொரு வருடம் கோயில் மடத்தில் சமைத்தவன். அதைச் சொன்னேன். அவர் என்னை மேலும் கீழும் பார்த்தார்.

"கடிதம் நான் தருவன். ஆனா மனுசி ஓம் எண்டு சொல்லவேணும். நாலு ஞாயிறு வா. பழகினா வேலை. பழகாட்டி வேற ஆள் பாப்பன்."

எங்கள் எல்லாருக்கும் இங்கிலிஷ் அரைகுறைதான். அவர்கள் சொன்னதை என் பேச்சில் எழுதுகிறேன்.

முதல் ஞாயிறு, மேசையைப் பார்த்ததும் எனக்கு எரிச்சல் வந்தது. மேசை முழுக்கச் சின்னச் சின்னக் கிண்ணம். ஒன்றில் கறுப்பு ஒலிவ் காய். ஒன்றில் பச்சை ஒலிவ் காய். வெள்ளரிக்காய் வெட்டினது. தக்காளி வெட்டினது. தேன். பாலாடை. செர்ரிப் பழ ஜாம். உப்புத் தண்ணிக்குள் ஊறின வெள்ளைச் சீஸ். அவித்த முட்டை. இதற்குச் சமையல்காரன் எதற்கு என்று நினைத்தேன். மாட்டிறைச்சி சொசேஜும் இருந்தது. அதைத் தொட மாட்டேன் என்று முதலே சொல்லியிருந்தேன். துருக்கிக்காரர் வேறு சட்டியில் தானே பொரித்துக்கொண்டார்.

சமையல் என்று இருந்தது ஒன்றுதான். மெனெமென் என்று பெயர். கறிமிளகாயையும் தக்காளியையும் எண்ணெயில் வதக்கி, தண்ணி வற்ற முட்டையை உடைத்து ஊற்றி, இறுக முதல் இறக்க வேண்டும். கடைசியில் சீஸ் உதிர்த்துப் போட வேண்டும். பார்த்தால் பத்து நிமிச வேலை.

நான் வெங்காயம் வெட்டினேன். அம்மா மரக்கரண்டியால் பலகையில் தட்டினார்.

"வெங்காயம் யார் கேட்டது?"

"முட்டைக்கு வெங்காயம் போடுறதுதானே அம்மா."

"மெனெமெனுக்குப் போடுறேல்லை."

மேசையிலிருந்து துருக்கிக்காரர் எழும்பினார். "ஏன் போடுறேல்லை? எங்கட வீட்டில போடுவம்."

"உங்கட வீட்டில சமைக்கத் தெரியாது."

பிறகு இருவரும் தங்கள் பாஷையில் தொடங்கினார்கள். கால் மணித்தியாலம். கர்ப்பிணி இவ்வளவு சத்தம் போடக் கூடாது என்று பயந்தேன். வெட்டின வெங்காயத்தோடு நான் நின்றேன். அத்தான் ஒலிவ் காய் தின்றுகொண்டிருந்தார்.

"மச்சான், வெங்காயத்தை வைச்சிட்டு ஒரு தேத்தண்ணி போடு," என்றார்.

போட்டேன். பால் விட்டுப் போட்டேன். அது இன்னொரு பிழை. அவர்களிடம் ஒன்றின் மேல் ஒன்று ஏறிய இரண்டு கேத்தில். கீழே தண்ணி கொதிக்கும், மேலே சாயம் கால் மணித்தியாலம் ஊற வேண்டும். பால் கண்ணில் காட்டக் கூடாது. அம்மா என் தேத்தண்ணியை மணந்து பார்த்துவிட்டு சிங்கில் ஊற்றினார்.

அதெல்லாம் சின்ன விசயம். பெரிய விசயம் உப்பு.

இரண்டாம் ஞாயிறு வெங்காயம் போடவில்லை, பால் விடவில்லை. முட்டை பதமாக வந்தது. துருக்கிக்காரர் பாணைக் கிழித்துத் தொட்டு ஒரு வாய் வைத்தார். உடனே தண்ணிக்குக் கை நீட்டினார்.

"கடலைக் கொண்டுவந்து ஊத்திப்போட்டான்," என்றார்.

எத்தனை பேர், எத்தனை முட்டை என்று சொன்னால் என் கைக்கு உப்புத் தெரியும். முந்நூறு பேருக்குச் சாம்பார் வைத்தபோதும் பிழைத்ததில்லை. பிறகுதான் விளங்கியது, சீஸில் உப்பு இருக்கிறது. அவர்கள் போடும் மிளகாய்க் கூழிலும் உப்பு இருக்கிறது. சரி, இனி பாதி போடலாம் என்று கணக்குப் பண்ணினேன்.

மூன்றாம் ஞாயிறு பாதிதான் போட்டேன். உப்பே இல்லை. அன்றைக்குப் புதுத் தகரம் உடைத்திருக்கிறார்கள். அந்தத் தகரத்துச் சீஸில் உப்புக் குறைவு. தகரத்துக்குத் தகரம் மாறுமாம். இதை ஒருவரும் எனக்குச் சொல்லவில்லை.

"சொல்ல என்ன இருக்கு?" என்றார் அம்மா. "வாயில வைச்சுப் பாக்கிறதுதானே. நீ ஏன் பாக்கிறேல்லை? மூண்டு கிழமையா நானும் பாக்கிறன். ஒருக்காலும் வாயில வைக்கிறாய் இல்லை."

சொன்னேன். மடத்தில் சாமிக்குப் படைக்க முதல் சமைக்கிறவன் நாக்கில் வைக்கக் கூடாது. வைத்தால் எச்சில். அவ்வளவையும் கொட்ட வேண்டும். மணத்திலும் கொதியிலும்தான் பதம் பார்க்க வேண்டும்.

"இஞ்ச எந்தச் சாமிக்குச் சமைக்கிறாய்?"

"சாமி நான்தான்," என்றார் அத்தான். "படையுங்கோ. பசிக்குது."

யாரும் சிரிக்கவில்லை. அம்மா ஒரு கரண்டி அள்ளி என் வாய்க்கு நேரே நீட்டினார். எனக்குத் தலை தன்பாட்டில் திரும்பிவிட்டது. நான் திருப்பவில்லை. அவருக்கு முகம் சிவந்தது.

"விசமா தாறன்?"

"இல்லை அம்மா."

"அப்ப வாயைத் திற."

திறக்க முடியவில்லை. அவர் கரண்டியைச் சட்டிக்குள் எறிந்துவிட்டு, வயிற்றைப் பிடித்துக்கொண்டு அறைக்குள் போய்விட்டார்.

துருக்கிக்காரர் என்னைப் பின் கதவுக்குக் கூட்டிப் போனார். கொட்டிலில் இன்னொருவன் இந்த வேலையைக் கேட்டிருக்கிறானாம், வேறு ஊர்க்காரன், கிரில் வேலை தெரிந்தவன். "வாற ஞாயிறு கடைசி," என்றார். கோபமாகச் சொல்லவில்லை. அதுதான் எனக்குக் கூடக் கஷ்டமாக இருந்தது.

கார் பாலம் தாண்டியதும் அத்தான் தொடங்கினார்.

"மச்சான், ஒரு துளி நாக்கில வைச்சா உன்ர தலை வெடிக்குமோ?"

"கை போகுதில்லை அத்தான்."

"கை போகாட்டி உன்ர மனுசியும் பிள்ளையும் பிளேனில வரமாட்டினம்."

"தெரியும்."

"தெரிஞ்சும் மாடு மாதிரித் தலையைத் திருப்புறாய்."

"நீங்கள் ருசி பாத்துச் சொல்லுங்கோவன்."

"நான் சொல்லுவன். கடைக்கு ஒவ்வொரு நாளும் விடிய என்னையும் கூட்டிக்கொண்டு போவியோ? எனக்கென்ன, வருவன்." சாப்பாட்டு நினைப்பில் அவருக்கு முகம் கொஞ்சம் தெளிந்தது. எனக்கு அவரை இறக்கிவிட்டு நடந்து போகலாம் போல் இருந்தது. ஆனால் கார் அவருடையது.

அந்தக் கிழமை அக்கா வீட்டில் பழகிப் பார்த்தேன். பருப்பைக் கரண்டியில் எடுத்தேன். கை வாய் வரைக்கும் வந்தது. நின்றது. நாலு தரம் எடுத்தேன், நாலு தரமும் நின்றது. அக்கா பார்த்துவிட்டு, "விசரோ உனக்கு?" என்று கேட்டா. அவவும் ருசி பார்த்துச் சமைக்கிற ஆள் இல்லை. என்னைத்தான் கேட்டா.

வியாழக்கிழமை வேலைக்குக் கூப்பிடவில்லை. சும்மா இருந்து யோசித்தேன். சமைக்கிறவன் நாக்கில் வைக்கக் கூடாது. சாப்பிடுகிறவன் வைக்கலாம். ஒருவன் கதிரையில் இருந்து தன் கோப்பையில் போட்டுச் சாப்பிட்டால் அது சாப்பாடு. சாப்பிட்டுக் கையும் வாயும் கழுவிவிட்டுத் திரும்ப அடுப்புக்குப் போகலாம். மடத்து ஐயர் இதை ஒத்துக்கொள்வாரோ தெரியாது. அவர் ஆக்லாந்தில் இல்லை.

நாலாம் ஞாயிறு போனோம். அம்மா என் முகத்தைப் பார்க்கவில்லை. அடுப்பைக் கையால் காட்டினார்.

முதலில் சீஸ் தகரத்தைத் திறந்தேன். ஒரு துண்டை வெட்டிச் சின்னக் கோப்பையில் வைத்தேன். கோப்பையோடு மேசைக்குப் போனேன். அத்தானுக்குப் பக்கத்தில் கதிரையை இழுத்து இருந்தேன். தின்றேன். எழும்பிக் கை கழுவினேன், வாய் கொப்பளித்தேன். திரும்ப அடுப்படிக்கு வந்தேன்.

"என்ன செய்யிறான்?" என்றார் அம்மா.

"சாப்பிடுறான்," என்றார் அத்தான்.

தக்காளி வற்றியது. முட்டை ஊற்ற முதல் சட்டியை இறக்கி வைத்தேன். ஒரு கரண்டி கோப்பையில் எடுத்தேன். மேசைக்குப் போனேன். இருந்தேன். தின்றேன். கழுவினேன். வந்தேன்.

"அல்லா!" என்று அம்மா தலையில் கை வைத்தார். "ஒரு கரண்டி தக்காளிக்கு மனுசன் கதிரையில இருக்கிறதோ? கடையில ஆக்கள் வரிசையா நிப்பினம். நீ மேசைக்கும் சிங்குக்கும் நடந்துகொண்டிருப்பாய்."

"கடை திறக்க முதல் தக்காளியை வதக்கி வைப்பன் அம்மா. சீஸும் அப்பவே பாப்பன். முட்டைக்குப் பாக்கத் தேவையில்லை. முட்டை என்ர கைக்குத் தெரியும்."

நான் சட்டியைத் திரும்ப அடுப்பில் வைத்தேன். இரண்டு விரலால் உப்பு எடுத்தேன். பிறகு அதில் பாதியை உப்புச் சாடிக்குள்ளேயே திரும்பப் போட்டேன். முட்டையை ஊற்றி, மூன்று தரம் கிண்டி, இறுக முதல் இறக்கினேன். சீஸ் தூவிச் சட்டியோடு மேசையில் வைத்தேன்.

துருக்கிக்காரர் பாணைக் கிழித்தார். தொட்டார். தின்றார். இன்னொரு துண்டு கிழித்தார். தண்ணிக்குக் கை நீட்டவில்லை. உப்புப் போத்தலுக்கும் நீட்டவில்லை. அத்தானைச் சொல்லத் தேவையில்லை, அவர் தன் பக்கத்தை முடித்துவிட்டு மற்றவர் பக்கத்துக்கு வந்துவிட்டார்.

அம்மா கடைசியாக எடுத்தார். மென்றார். எதையோ குறை பிடிக்கத் தேடினார் என்று நினைக்கிறேன்.

"வெங்காயம் இருந்தா இன்னும் நல்லாயிருக்கும்," என்றார் துருக்கிக்காரர்.

அம்மா அவரைப் பார்த்த பார்வையில் அவர் வாயை மூடிக்கொண்டார். பிறகு அம்மா தங்கள் பாஷையில் ஏதோ சொன்னார். நீளமாகச் சொன்னார். கதிரையையும் சிங்கையும் கையால் காட்டினார், என்னைப் போல நடந்து காட்டினார். திட்டுகிறார் என்றுதான் நினைத்தேன். துருக்கிக்காரர் எழும்பி அறைக்குள் போனார். ஒரு கடதாசியோடு வந்தார். டைப் அடித்து, கையெழுத்தும் போட்ட கடிதம். திகதி மட்டும் விட்டிருந்தார். அன்றைய திகதியைப் பேனாவால் எழுதி என்னிடம் தந்தார்.

நான் அதை மடித்து சேட்டுப் பைக்குள் வைத்தேன். நன்றி சொன்னேனோ இல்லையோ ஞாபகம் இல்லை. அத்தான் சொன்னார் என்று நினைவு, வாயில் பாணோடு.

"நாளைக்கு முட்டைக்காரனுக்குச் சொல்லவேணும்," என்றார் அம்மா. இன்னும் எரிச்சலாகத்தான் இருந்தார். "கடை வியாழன் திறக்குது. இருபத்தாறு கதிரை. முதல் நாளைக்கு எத்தனை முட்டை? நீ சொல்லு."

ஆளுக்கு இரண்டு. உடைகிறதுக்கு எட்டு.

அறுபது.